பி48.1 என்ற முகவரி

மதுரை, சிவகங்கை, ராமநாதபுரம் வட்டாரத்தில் காது மூக்கு தொண்டை மருத்துவம் பயில்பவர்கள் சீக்கிரமே கற்றுக்கொள்ளும் கேள்வி ஒன்று உண்டு. மூக்கில் அடிக்கடி ரத்தம் வருகிறது என்று ஓர் இளைஞர் வந்தால் அடிபட்டதா, ரத்தக்கொதிப்பு உண்டா என்றெல்லாம் விசாரிக்கச் சொல்லும் பாடப்புத்தகம். இந்த மண்ணில் அவற்றோடு குளியலையும் விசாரிக்க வேண்டும்.

"எங்க தம்பி குளிப்பீங்க?"

"வீட்லதான் சார்."

"சின்ன வயசுல?"

"அப்ப ஊருணிதான். கண்மாய்ல தண்ணி கெடந்தா அங்க போவோம்."

"முங்கு நீச்சலா?"

"அது இல்லாமயா சார்!"

இதற்குள் மருத்துவரின் மனதில் ஒரு பெயர் எழுந்துவிடும். தலைவிளக்கைச் சரிசெய்துகொண்டு மூக்கை விரித்துப் பார்த்தால் உள்ளே சிவந்த, ஈரமான ஒரு சதை தொங்கும். ஒவ்வாமையால் வளரும் சாதாரண மூக்குச்சதை வெளிறிப்போய், பளபளப்பாக, ஏறக்குறைய ஒளி ஊடுருவும்படி இருக்கும். தொட்டால் ரத்தம் வராது. இதுவோ பஞ்சு சுற்றிய கம்பி லேசாகப் பட்டாலே கசியும். அதன் மேற்பரப்பில் குண்டூசித் தலையைவிடச் சிறிய வெண்மஞ்சள் புள்ளிகள் இறைந்து கிடக்கும். ஸ்ட்ராபெரிப் பழம் போலிருக்கும் என்று மருத்துவ நூல்கள் தலைமுறை தலைமுறையாக எழுதி வருகின்றன. பழத்தின் மேலுள்ள விதைகளை நினைத்துச் சொன்ன ஒப்பீடு அது. பார்த்தவர்கள் மறுக்க மாட்டார்கள்.

அந்தப் புள்ளி ஒவ்வொன்றும் ஒரு தனி உயிரி. நோய்க்கிருமி என்றாலே கண்ணுக்குத் தெரியாதது என்று பழகிய நமக்கு இது விசித்திரமான செய்தி. முதிர்ந்த நிலையில் இதன் குறுக்களவு 400 மைக்ரான் வரை, அதாவது மில்லிமீட்டரில் ஐந்தில் இரண்டு பங்கு வரை போகும். நல்ல வெளிச்சத்தில் வெறுங்கண்ணே போதும். மனித உடலின் சளிச்சவ்வில் குடியேறும் இந்த ஒட்டுண்ணியின் பெயர் ரைனோஸ்போரிடியம் சீபெரி. அது உண்டாக்கும் நோய் ரைனோஸ்போரிடியோசிஸ். உலகில் பதிவான நோயாளிகளில் மிகப் பெரும்பாலோர் இந்தியாவையும் இலங்கையையும் சேர்ந்தவர்கள். தமிழ்நாட்டின் தென்மாவட்டங்கள், கேரளம், மேற்கு வங்கம், சத்தீஸ்கர், இலங்கையின் குளங்கள் சூழ்ந்த பகுதிகள் ஆகியவை இதன் பழைய இருப்பிடங்கள்.

வெட்டியெடுத்த சதையை ஃபார்மலினில் போட்டு, மெழுகில் பதித்து, மெல்லிய சீவலாக்கி, ஹீமட்டாக்சிலின், இயோசின் சாயங்கள் ஏற்றி நுண்ணோக்கிக்கு அடியில் வைத்தால் உயிரியின் மொத்த வாழ்க்கையும் ஒரே கண்ணாடித் தகட்டில் விரிந்து கிடக்கும். நோயியலில் இப்படி அமைவது அபூர்வம். சவ்வுக்கு அடியே, ஆழத்தில், 10 மைக்ரான் அளவிலான சின்னஞ்சிறு உருண்டைகள். நடுவே தெளிவான ஒரு கரு. சற்றுத் தள்ளி அதே உருண்டை 50, 80 மைக்ரானாக வளர்ந்து சுவர் தடித்திருக்கும். மேற்பரப்பை நெருங்க நெருங்கப் பெரிதாகி, உள்ளே கரு பிரிந்து பிரிந்து ஆயிரக்கணக்கான வித்துகளாகிவிடும். முதிர்ந்த பையில் ஓர் ஒழுங்கு உண்டு. பிறை வடிவ விளிம்பை ஒட்டி இளம் வித்துகள் நெருக்கியடித்துக் கிடக்கும். நடுவில் முற்றியவை, 5 முதல் 10 மைக்ரான் வரை பருத்து, தனித்தனியாகத் தெரியும். கடைசியில் சுவரில் ஒரு துளை திறக்கும். வித்துகள் மூக்குச்சளியோடு வெளியேறும், அல்லது பை திசுவுக்குள்ளேயே வெடித்து அக்கம்பக்கத்தில் புதிதாக முளைக்கும். வெடித்த இடத்தைச் சுற்றி உடலின் காவல் செல்கள் திரண்டிருக்கும். முழுதாக இருக்கும் பையைச் சுற்றியோ பெரும்பாலும் அமைதிதான். அந்தத் தடித்த சுவர் இருக்கும்வரை உள்ளே அந்நியன் இருப்பதை உடல் சரியாக உணர்வதில்லை என்றே தோன்றுகிறது.

இந்தத் தகட்டை முதன்முதலில் விவரித்தவர் அர்ஜென்டினாவைச் சேர்ந்த கில்லெர்மோ சீபெர். புவனோஸ் அயர்ஸில் மூச்சுவிடத் திணறும் அளவுக்கு மூக்கில் சதை வளர்ந்த 19 வயது விவசாயத் தொழிலாளியின் திசுவை ஆராய்ந்து 1900-இல் தன் பட்ட ஆய்வேட்டை எழுதினார். அதே ஊரில் மல்பிரான் என்பவர் 1892-லேயே இதைப் பார்த்திருந்தார், ஆனால் வெளியிடவில்லை. மலேரியாக் கிருமியின் உறவுக்காரர்களான ஒரு செல் ஒட்டுண்ணிகளில் ஒன்று இது என்று சீபெர் நினைத்தார். 1903-இல் கல்கத்தாவிலிருந்து ஓ'கினீலி என்ற மருத்துவர் இதே போன்ற சதையை விவரித்தார். அந்தத் திசுவை லண்டனில் ஆராய்ந்த மின்சினும் ஃபான்தமும் 1905-இல் அதற்கு ரைனோஸ்போரிடியம் என்ற பேரினப் பெயரை வைத்தார்கள். இரண்டும் ஒரே உயிரிதான் என்று பின்னர் தெளிவானது.

1923-இல் எடின்பரோவின் விலங்கியலாளர் ஜேம்ஸ் ஹார்ட்லி ஆஷ்வொர்த் இதன் வளர்ச்சிக் கட்டங்களை அத்தனை நுணுக்கமாக வரைந்து விளக்கினார். அங்கே படிக்க வந்த ஓர் இந்திய மாணவரின் மூக்கிலிருந்து எடுத்த சதைதான் அவருக்குக் கிடைத்த பொருள். ஆராய்ந்து முடித்து ஆஷ்வொர்த் சொன்னது: இது விலங்குச் சார்புள்ள ஒட்டுண்ணி அன்று, பூஞ்சை. நீரில் வாழும் கீழ்நிலைப் பூஞ்சைகளுக்கு நெருக்கமானது. அவருடைய படங்கள் இன்றும் செல்லும். அவருடைய தீர்ப்பு எழுபத்தைந்து ஆண்டுகள் நின்றது.

பூஞ்சை என்று ஒருமுறை எழுதிவிட்டால் அதன் பின்விளைவுகள் நீளமானவை. பூஞ்சைக்கான மருந்துகளைக் கொடுத்துப் பார்த்தார்கள். நம்பத் தகுந்த பலன் இல்லை. பூஞ்சைகளை வளர்க்கும் ஊடகங்களில் வளர்த்துப் பார்த்தார்கள், வளரவில்லை. ஆய்வக விலங்குகளுக்குத் தொற்றவைக்க முயன்றார்கள், பிடிக்கவில்லை. ஒரு கிருமிதான் ஒரு நோய்க்குக் காரணம் என்று நிறுவ, அதை நோயாளியிடமிருந்து பிரித்து வளர்க்க வேண்டும், வேறோர் உடலில் செலுத்தி அதே நோயை உண்டாக்க வேண்டும் என்பது ராபர்ட் கோக் காலத்திலிருந்து வரும் நியதி. இந்த உயிரி அந்தத் தேர்வுக்கே உட்கார மறுத்தது. வளர்க்க முடியாததால் சந்தேகங்களும் வளர்ந்தன. 1990-களில் தில்லியில் அலுவாலியா, இது பூஞ்சையே அல்ல, குளத்துநீரில் மிதக்கும் மைக்ரோசிஸ்டிஸ் என்ற நீலப்பச்சை நுண்ணுயிரிதான் என்று வாதிட்டார். அந்த வாதம் நிலைக்கவில்லை. ஆனாலும் நூறாண்டு கழித்தும் ஒரு நோய்க்கிருமி எந்த உயிரினப் பிரிவைச் சேர்ந்தது என்று விவாதம் நடந்ததே, அது இந்த நோய் எவ்வளவு கவனிப்பாரற்றுக் கிடந்தது என்பதற்கு அடையாளம்.

முடிச்சு 1999-இல் அவிழ்ந்தது. ஹெர், அஜெல்லோ, டெய்லர், அர்சகுலரத்ன, மெண்டோசா ஆகிய ஐவர் இந்த உயிரியின் ரைபோசோம் மரபணுவை, 18எஸ் என்று குறிக்கப்படும் அதன் பகுதியை, வரிசைப்படுத்தி மற்ற உயிரினங்களோடு ஒப்பிட்டார்கள். இவர்களில் சரத் அர்சகுலரத்ன இலங்கையின் பெராதெனியாப் பல்கலைக்கழகத்தில் இந்த நோயையே வாழ்நாள் ஆய்வாகக் கொண்டவர். மரபணு காட்டிய உறவினர்கள் மீன்களின் உடலில் இருந்தார்கள். சால்மன் மீனின் செவுளிலும் தோலிலும் கட்டிகளை உண்டாக்கும் டெர்மோசிஸ்டிடியம் போன்ற ஒட்டுண்ணிகள் கூடிய கூட்டம் அது. உயிரின மரத்தில் விலங்குகளும் பூஞ்சைகளும் கிளை பிரியும் இடத்துக்கு வெகு அருகில், விலங்குகளின் பக்கம் சற்றுச் சாய்ந்து நிற்கும் பழைய கிளை. மெசோமைசெட்டோசோவா என்று பெயரிட்டார்கள். சீபெரும் முழுக்கச் சரியில்லை, ஆஷ்வொர்த்தும் சரியில்லை. ஆனால் அவர் ஏன் தடுமாறினார் என்பது புரிகிறது: பூஞ்சைகளின் சுவரில் காணும் கைட்டினை உருவாக்கும் மரபணு இந்த உயிரியிடமும் இருக்கிறது. பூஞ்சைக்கான சில்வர் சாயமும் பி.ஏ.எஸ். சாயமும் இதையும் பளிச்சென்று காட்டும்.

நான் இந்த 1999-ஐ இவ்வளவு விரிவாகச் சொல்வதற்குக் காரணம், இந்தக் கண்டுபிடிப்பு தண்ணீரைப் பற்றிய பழைய ஐயத்துக்கு முதல்முறையாக உயிரியல் அடித்தளம் தந்தது. உறவினர்கள் மீனிலும் தவளையிலும் வாழும் ஒட்டுண்ணிகள் என்றால், குளத்தில் குளித்தவருக்கு இந்த நோய் வருவதில் வியப்பு குறைகிறது. அந்த உறவினர்களில் சில, ஒற்றைச் சாட்டையால் நீந்தும் வித்துகளை நீரில் விடுகின்றன. ரைனோஸ்போரிடியத்துக்கும் அப்படியொரு நீந்தும் பருவம் இருக்குமோ என்று பலரும் தேடினார்கள். இதுவரை எவரும் கண்டதில்லை.

தண்ணீரின் மீது ஐயம் வந்ததோ அதற்கு வெகு காலம் முன்பு. பம்பாய் மாகாணத்தின் ரத்தினகிரிப் பகுதியில் ஆற்றுமணல் அள்ளும் தொழிலாளர்களிடம் இந்தச் சதை மிகுதியாகக் காணப்படுவதை மண்டலிக் 1937-இல் எழுதினார். மூழ்கி மணல் எடுப்பவர்களுக்கு வந்தது. கரையில் நின்று அதைச் சுமந்தவர்கள் தப்பினார்கள். மறு ஆண்டே சென்னை மாகாணத்து மாடுகளின் மூக்கில் இதே நோய் இருப்பதை எம்.ஏ.என். ராவ் கால்நடை மருத்துவ இதழொன்றில் விவரித்தார். மனிதரும் மாடும் ஒரே கண்மாயில் இறங்கும் ஊர்களில் அது எதிர்பார்க்கத் தக்கதுதான். பிற்பாடு அமெரிக்காவின் ஃபுளோரிடாவில் ஏரியில் வளர்த்த அன்னங்களுக்கு வந்தது. 1990-களின் தொடக்கத்தில் செர்பியாவில் வெள்ளி ஏரியில் குளித்தவர்களுக்கு வந்தது. இந்தியாவோடு எந்தத் தொடர்பும் இல்லாத இடங்கள். பொதுவாக இருந்தது தேங்கிய நீர்.

ஆனால் ஒரு புதிர் மிஞ்சுகிறது. அதே ஊருணியில் ஊரே குளிக்கிறது; சதை வளர்வது விரல்விட்டு எண்ணக்கூடிய சிலருக்கு. ஏன் சிலருக்கு மட்டும்? மூக்குச் சவ்வில் ஏற்கெனவே ஒரு கீறல் இருந்திருக்க வேண்டும் என்பது பெரும்பாலோர் ஏற்கும் விளக்கம். மணல்துகள் உரசியிருக்கலாம், விரலால் நோண்டியிருக்கலாம். அந்தப் பிளவில் வித்து ஒட்டிக்கொள்கிறது. ஆண்களிடம், அதிலும் பதினைந்து முதல் நாற்பது வயதுக்குட்பட்டவர்களிடம் அதிகம் காணப்படுவது, யார் அதிக நேரம் நீரில் மூழ்கிக் கிடக்கிறார்கள் என்பதோடு பொருந்தி வருகிறது. பெண்கள் அதே குளத்தில் துவைக்கவும் குளிக்கவும் செய்கிறார்கள், பெரும்பாலும் கரையோரமாக. நோயாளியிடமிருந்து இன்னொருவருக்கு நேராகத் தொற்றியதாக நம்பத்தகுந்த சான்று இல்லை. குடும்பத்தார் இதை முதலில் கேட்பதால் உறுதியாகச் சொல்லிவிட வேண்டும்: ஒரே துண்டைப் பயன்படுத்தினாலும், ஒரே பாயில் படுத்தாலும் இது பரவுவதாக யாரும் காட்டியதில்லை.

மூக்குதான் இதன் பிரதான இடம். நோயாளிகளில் பெரும்பகுதி அங்கேதான். அடுத்தது கண்: இமையின் உட்புறச் சவ்விலும் கண்ணீர்ப் பையிலும் வளரும். தொண்டை, குரல்வளை, சிறுநீர்ப் புறவழி, தோல் என்று வேறு இடங்களிலும் பதிவாகியிருக்கிறது. ரத்தத்தின் வழியே உடல் முழுவதும் பரவி உயிரைப் பறிப்பது மிக அபூர்வம். அப்படி ஒருவர் இறந்ததைச் சென்னையில் ராஜம் தலைமையிலான குழு 1955-இல் இந்திய அறுவை மருத்துவ இதழில் முப்பது பக்கம் எழுதிப் பதிவு செய்தது. அந்தக் கட்டுரைக்கும், கருணாரத்ன 1964-இல் எழுதிய தனிநூலுக்கும் பிறகு இந்த நோயைப் பற்றி எழுதியவர் எவரும் அவற்றைக் கடந்து போக முடிந்ததில்லை. நம் ஊர்களில் நடந்த இந்த வேலையை நம் மாணவர்கள் அறியாமலிருப்பது எனக்கு உண்மையான வருத்தம்.

நோயறிதலுக்கு வருவோம். பார்த்தவுடன் மருத்துவர் ஊகிப்பார். உறுதி செய்வது திசுத் தகடு. முதிர்ந்த பைகள் கண்ணில் பட்டுவிட்டால் நோயியலாளர் சந்தேகப்பட இடமே இல்லை. சிக்கல் எழுவது சிறிய துண்டு மட்டும் கிடைக்கும்போதுதான், அதில் இளம் உருண்டைகள் மட்டும் இருக்கும்போதுதான். அமெரிக்கக் கண்டத்தின் வறண்ட நிலங்களில் வரும் காக்சிடியாய்டிஸ் என்ற பூஞ்சையும் பைக்குள் வித்து வளர்ப்பது. ஆனால் அதன் பை ரைனோஸ்போரிடியத்தின் முதிர்ந்த பையைவிட வெகு சிறியது, வித்தும் 2 முதல் 5 மைக்ரான்தான். மியூசிகார்மைன் என்ற சாயத்தை ஏற்றினால் ரைனோஸ்போரிடியத்தின் சுவரும் வித்துகளும் சிவக்கும், காக்சிடியாய்டிஸ் சிவக்காது. அளவுகோலும் ஒரு சாயமும் போதும். ரத்தப் பரிசோதனையோ வளர்ப்புப் பரிசோதனையோ இந்த நோய்க்கு வழக்கத்தில் இல்லை.

கண்ணிலும் சிறுநீர்ப் புறவழியிலும் வரும்போதுதான் தவறு அதிகம் நேர்கிறது. கண்ணிமையின் உட்புறத்தில் சின்னதாகச் சிவந்த ஒரு முடிச்சைப் பார்த்துச் சாதாரணக் கட்டி என்று நினைப்பது இயல்பு. மூக்கைப் பற்றிக் கேட்க மாட்டார்கள், குளத்தைப் பற்றியும் கேட்க மாட்டார்கள். மூக்கிலும் ஒரு தவறு காத்திருக்கிறது. ரத்தம் கசியும் சதை என்பதால் சில வேளைகளில் புற்றுநோய் என்ற பயம் முதலில் வருகிறது, குடும்பம் கலங்கிப்போகிறது. திசு அறிக்கை வரும்வரையான நாட்கள் அவர்களுக்கு நரகம். ஊகிக்கத் தெரிந்த மருத்துவர் "பெரும்பாலும் குளத்துத் தண்ணில வர்ற சதைதாம்மா, கேன்சர் மாதிரி தெரியல" என்று அந்தத் தாயிடம் சொல்லிவிட முடியும்.

சிகிச்சையைப் பொறுத்தவரை மாத்திரை இரண்டாமிடம், கத்திதான் முதலிடம். சதையை அதன் காம்போடு அகற்றி, காம்பு ஒட்டியிருந்த இடத்தை மின்சாரத்தால் சுட்டுப் பொசுக்க வேண்டும். சொல்வது எளிது. இந்தச் சதைக்குள் ரத்தக்குழாய்கள் ஏராளம். இழுத்தால் பிய்ந்து ரத்தம் பெருகும். மயக்கத்தில் இருப்பவரின் மூச்சுக்குழாய்க்குள் ரத்தமோ சதைத் துணுக்கோ இறங்கிவிடக் கூடாது. ஆகவே குழாய் போட்டு, தொண்டையில் ஈரத் துணி அடைத்து, பிறகுதான் தொடங்குவார்கள். மூக்குக் கிண்ணத்தின் இடுக்கிலும் நடுச்சுவரிலும் காம்பு எங்கே வேர்விட்டிருக்கிறது என்று எண்டோஸ்கோப் வைத்துத் தேடுவார்கள். பெரும்பாலும் ஒரே வேர் இருக்காது. ஓரிடத்தை விட்டுவிட்டால் அங்கிருந்து திரும்ப வளரும். சதையைத் துண்டுதுண்டாகப் பிய்க்காமல் முழுசாக எடுக்க முயல்வதற்கும் காரணம் உண்டு. பிய்ந்தால் பைகள் வெடிக்கும், ஆயிரக்கணக்கான வித்துகள் காயம்பட்ட சவ்வின் மேல் கொட்டும். அப்படிக் கொட்டியவை புதிய இடங்களில் முளைப்பதுதான் நோய் திரும்ப வருவதற்கு ஒரு காரணம் என்று கருணாரத்ன எழுதியிருக்கிறார்.

திரும்ப வருவதுதான் இந்த நோயின் கொடுமை. மாதங்கள் கழித்து, ஆண்டுகள் கழித்து அதே நோயாளி அதே மூக்கடைப்போடு வந்து நிற்பார். இங்கேதான் டாப்சோன் என்ற பழைய தொழுநோய் மாத்திரை கதைக்குள் வருகிறது. 1979-இல் நாயர் இதை மூக்கு ரைனோஸ்போரிடியோசிஸ் நோயாளிகளிடம் சோதித்து எழுதினார். 1993-இல் வேலூர் கிறித்தவ மருத்துவக் கல்லூரியின் ஜாபும் உடன் பணியாற்றியவர்களும் டாப்சோன் உட்கொண்டவர்களின் திசுவை நுண்ணோக்கியில் பார்த்தார்கள். பைகளின் முதிர்ச்சி தடைப்பட்டிருந்தது. சுற்றியிருந்த திசு நார்மயமாகி இறுகியிருந்தது. அதாவது மருந்து உயிரியை ஒரேயடியாகக் கொல்வதில்லை. வித்து தயாராவதைத் தடுக்கிறது, ரத்தக்குழாய் மிகுந்த சதையை வற்றவைக்கிறது. அதனால் அறுவைக்கு முன் கொடுத்தால் ரத்தம் குறையலாம், பின் தொடர்ந்தால் மறுபடி வளர்வது குறையலாம் என்ற எண்ணத்தில் பல மருத்துவர்கள் பெரியவர்களுக்கு நாளொன்றுக்கு 100 மில்லிகிராம் என்று மாதக்கணக்கில் தருகிறார்கள். அதற்கு முன் ஜி6பிடி என்ற நொதி போதுமான அளவு இருக்கிறதா என்று ரத்தத்தில் பார்க்க வேண்டும். அது குறைந்தவர்களுக்கு டாப்சோன் சிவப்பணுக்களை உடைத்து உயிருக்கே ஆபத்தாக முடியும். மருந்துக்கடையில் கேட்டு வாங்கிச் சாப்பிடும் மாத்திரை இது அன்று.

இவ்வளவு நடந்த பிறகு நோயாளியின் கேஸ் ஷீட் மருத்துவமனையின் பதிவேட்டுப் பிரிவுக்குப் போகிறது. அங்கேதான் ஓர் ஊழியர் அதன் மூலையில் ஓர் எழுத்தையும் சில எண்களையும் குறிக்கிறார்: பி48.1. உலக சுகாதார அமைப்பின் சர்வதேச நோய் வகைப்பாட்டின் பத்தாம் பதிப்பில், சுருக்கமாக ஐ.சி.டி.-10-இல், ரைனோஸ்போரிடியோசிஸ் வாழும் முகவரி அது. எந்த ஊரில் எந்த நோய் எத்தனை பேருக்கு என்று உலகம் எண்ணுவது இந்த முகவரிகளைக் கொண்டுதான். 1893-இல் ஜாக் பெர்டியோன் இறப்புக் காரணங்களுக்காகத் தயாரித்த பட்டியல் இதற்கு மூதாதை. 1948-இல் ஆறாம் பதிப்பை உலக சுகாதார அமைப்பு தன் பொறுப்பில் எடுத்தபோது சாவுக்கான காரணங்களோடு நோய்களும் சேர்ந்தன. பத்தாம் பதிப்புக்கு 1990 மே மாதத்தில் ஒப்புதல் கிடைத்தது.

1990 என்ற அந்த ஆண்டைக் கவனிக்க வேண்டும். மரபணு ஆய்வுக்கு ஒன்பது ஆண்டுகள் முன்பு. ஆகவே பி35 முதல் பி49 வரையிலான பூஞ்சை நோய்களின் வரிசையில், "வேறிடத்தில் வகைப்படுத்தப்படாத பிற பூஞ்சை நோய்கள்" என்ற தலைப்பின் கீழ் ரைனோஸ்போரிடியோசிஸ் போய் உட்கார்ந்தது. அதற்கு முந்தைய ஒன்பதாம் பதிப்பில் 117.0 என்ற எண்ணோடு இருந்ததும் பூஞ்சைகளின் நடுவில்தான். பி50-இல் மலேரியா தொடங்குகிறது, ஒரு செல் ஒட்டுண்ணிகளின் வரிசை. இரண்டு எண்கள் தள்ளி இருந்திருந்தால் சீபெர் நினைத்த கூட்டத்தோடு சேர்ந்திருக்கும், அதுவும் முழுச் சரியாகாது. இந்தப் பட்டியல் உயிரின மரம் அன்று, எண்ணுவதற்கான பட்டியல்; உயிரியலில் எங்கே நின்றாலும் ஒரே நோய்க்கு எல்லா ஊரிலும் ஒரே எண் என்பதே அதன் முதல் தேவை. ஆகவே பூஞ்சை வரிசையில் இருப்பதை நான் பெரிய குற்றமாகச் சொல்ல மாட்டேன். எண் அங்கே இருக்கிறதே என்று பூஞ்சை மருந்தை எழுதினால்தான் குற்றம்.

என்னை உறுத்துவது வேறு. கோடிங் செய்பவர் தானாக நோயைத் தீர்மானிக்கக் கூடாது. மருத்துவர் எழுதியதையே எண்ணாக மாற்ற வேண்டும். அது சரியான விதி. ஆனால் கிராமத்திலிருந்து வந்த நோயாளிக்குக் காலையில் அறுவை நடக்கிறது, இரண்டு மூன்று நாளில் வீட்டுக்கு அனுப்புகிறார்கள். டிஸ்சார்ஜ் சம்மரியில் "இடது மூக்கில் சதை, அகற்றப்பட்டது" என்று இருக்கிறது. திசு அறிக்கை அதற்குப் பிறகு வருகிறது. கோடர் முன்னால் இருப்பது சம்மரி. அவர் ஜே33 என்று போடுவார், அதாவது சாதாரண மூக்குப் பாலிப். கையில் இருந்ததை வைத்து அவர் செய்தது சரி. அறிக்கை வந்ததும் யாராவது அதைச் சம்மரியோடு சேர்த்து, மருத்துவர் இறுதி நோயறிதலைத் திருத்திக் கையெழுத்திட்டு, மறுபடி கோடருக்கு அனுப்பினால் ஜே33 போய் பி48.1 வரும். அனுப்பாவிட்டால் அந்த ரைனோஸ்போரிடியோசிஸ் ஒவ்வாமைச் சதைகளோடு சேர்ந்து கரைந்துவிடும். அவசரத்தில் மூக்கில் ரத்தம் என்று மட்டும் எழுதிய இடத்தில் ஆர்04.0 என்ற குறியீடு விழும். அது ஒரு அறிகுறியின் எண், நோயின் எண் அன்று. எந்த நோய் என்ற தகவல் அதோடு தொலைந்துபோகும்.

சென்னையிலும் கோவையிலும் திருச்சியிலும் ஆயிரக்கணக்கான இளைஞர்கள் மெடிக்கல் கோடிங் படித்து அமெரிக்க மருத்துவமனைகளின் ஆவணங்களுக்கு எண் போடுகிறார்கள். 2015 அக்டோபர் 1 முதல் அமெரிக்கா தன் திருத்தப்பட்ட பத்தாம் பதிப்புக்கு மாறியபோது அந்த மாற்றத்தைச் சுமந்தவர்களில் நம் பிள்ளைகள் ஏராளம். அந்தப் பதிப்பிலும் பி48.1 உண்டு. அமெரிக்க ஆவணங்களில் அந்த எண்ணைப் போடும் சந்தர்ப்பம் அவர்களுக்கு அநேகமாக வராது. அதே தேர்ச்சி நம் மாவட்டத் தலைமை மருத்துவமனைகளின் பதிவேட்டுப் பிரிவுகளுக்கு வர வேண்டும் என்பது என் ஆசை. அதற்குப் பணியிடங்களும் சம்பளமும் வேண்டும் என்பதும் தெரியும்.

பதினொன்றாம் பதிப்பு 2022 ஜனவரியில் நடைமுறைக்கு வந்தது. நாடுகள் படிப்படியாக மாறுகின்றன. புதிய பதிப்பில் ஒரு குறியீட்டோடு இன்னொன்றைச் சேர்த்து எழுத முடியும்: எந்தப் பக்கம், எந்த உறுப்பு என்று கூடுதல் விவரங்களை ஒரே சரமாகக் கோக்கலாம். இந்த நோய்க்கு அது உதவும். கண்ணில் வந்ததையும் சிறுநீர்ப் புறவழியில் வந்ததையும் மூக்கில் வந்ததிலிருந்து பிரித்து எண்ண முடியும்.

ஒரு மருத்துவக் கல்லூரியில் டாப்சோன் கொடுத்தவர்களில் எத்தனை பேருக்குச் சதை மீண்டும் வளர்ந்தது, கொடுக்காதவர்களில் எத்தனை பேருக்கு என்று முதுகலை மாணவர் ஒருவர் ஆராயப் புறப்படுகிறார் என்று வைத்துக்கொள்வோம். பதிவேட்டுப் பிரிவில் போய் அவர் கேட்கப் போவது பி48.1 பட்டியலைத்தான். ஜே33-க்குள் போனவர்கள் அதில் வர மாட்டார்கள். பரமக்குடிப் பக்கத்திலிருந்து வந்து, சதை எடுத்துக்கொண்டு, மாத்திரைச் சீட்டோடு ஊர் திரும்பியவருக்கு மறுபரிசோதனைக்கு வரச் சொல்லிக் கடிதம் போகாது. அவர் மூக்கில் சதை திரும்ப வந்ததா, மாத்திரையை எத்தனை மாதம் சாப்பிட்டார் என்பதை அந்த ஆய்வேடு அறியாது.